கம்பெனிகளும் குற்றப் பொறுப்பும்

2010ஆம் ஆண்டு ஜூன் 7ஆம் நாள், போபால் நகரின் தலைமைக் குற்றவியல் நடுவர் நீதிமன்றம் ஒரு தீர்ப்பை வழங்கியது. 1984 டிசம்பர் 2ஆம் நாள் நள்ளிரவில் யூனியன் கார்பைடு இந்தியா லிமிடெட் ஆலையிலிருந்து வெளியேறிய மெதில் ஐசோசயனேட் நச்சு வாயு தொடர்பான வழக்கு அது. உயிரோடிருந்த ஏழு அதிகாரிகளுக்கு இரண்டாண்டுச் சிறையும் தலைக்குச் சுமார் ஓர் இலட்சம் ரூபாய் அபராதமும் விதிக்கப்பட்டன. குற்றவாளிகளின் வரிசையில் மற்றொரு பெயரும் இருந்தது. அது மனிதரின் பெயரன்று, கம்பெனியின் பெயர். அக்கம்பெனிக்கு விதிக்கப்பட்ட அபராதம் சுமார் 5 இலட்சம் ரூபாய். அரசின் கணக்கில் இழப்பீடு பெற்ற மரணங்கள் மட்டுமே 5,295 என்பதை நினைவிற் கொண்டால், இத்தொகை எத்துணைச் சிறியது என்பது விளங்கும்.

இத்தீர்ப்பில் இரு உண்மைகள் ஒருங்கே அடங்கியுள்ளன. கம்பெனியையும் குற்றவாளி எனத் தீர்மானிக்க நம் நாட்டுச் சட்டத்தில் இடமுண்டு என்பது ஒன்று. அவ்வாறு தீர்மானித்த பின்னர் அதற்கு ஏற்ற தண்டனையை வழங்கும் ஆற்றல் சட்டத்திற்குப் போதுமான அளவு இல்லை என்பது மற்றொன்று. இவ்விரண்டுக்கும் இடையேயுள்ள தூரத்தை அளந்து காண்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

கம்பெனி ஓர் ஆளா?

கம்பெனிக்குச் சொந்தப் பெயரில் சொத்து வைத்துக்கொள்ளவும், ஒப்பந்தம் செய்யவும், வழக்காடவும் உரிமை உண்டு. பங்குதாரர்கள் மாறினாலும் இறந்தாலும் அது தொடர்ந்து நிலைத்திருக்கும். உரிமைகளைப் பெறும்போது ஆளாக விளங்கும் கம்பெனி, குற்றம் நிகழும்போது மட்டும் ஆளல்லாது மறைந்துவிடலாமா என்பதே அடிப்படைக் கேள்வி.

1860ஆம் ஆண்டின் இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 11ஆவது பிரிவு, ஆள் என்னும் சொல் கம்பெனியையும் சங்கத்தையும் உள்ளடக்கும் என்று கூறியது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்துள்ள பாரதிய நியாய சன்ஹிதாவும் இவ்விளக்கத்தை அவ்வாறே ஏற்றுக்கொண்டுள்ளது. ஆகவே சட்டத்தின் சொற்களில் தடையேதும் இல்லை. தடை இரண்டு இடங்களில் எழுந்தது. பெரும்பாலான குற்றங்களுக்குக் குற்றமனம் தேவை. கம்பெனிக்கு மனம் ஏது? பல குற்றங்களுக்குச் சிறைத் தண்டனை கட்டாயம். கம்பெனியைச் சிறையிலிடுவது எங்ஙனம்?

மனம் யாருடையது?

முதற் கேள்விக்கு இரண்டு நாடுகள் இருவேறு விடைகளைக் கண்டன. அமெரிக்க உச்ச நீதிமன்றம் 1909இல், நியூயார்க் சென்ட்ரல் இரயில்வே கம்பெனி வழக்கில், ஊழியர் தம் பணியின் எல்லைக்குள் நின்று கம்பெனியின் நன்மைக்காகச் செய்த குற்றத்தைக் கம்பெனியின் குற்றமாகவே கொள்ளலாம் என்று கூறியது. ஊழியரின் பதவி உயர்ந்ததா தாழ்ந்ததா என்பது அங்கு பொருட்டல்ல.

இங்கிலாந்து நீதிமன்றங்கள் குறுகிய வழியைத் தேர்ந்தன. கம்பெனியை வழிநடத்தும் மனமாக விளங்கும் உயர்நிலையினரின் எண்ணமே கம்பெனியின் எண்ணம் என்பது அவற்றின் கொள்கை. 1944இல் வெளிவந்த மூன்று தீர்ப்புகள் இதனைக் குற்றவியலில் நிலைநிறுத்தின. ஆனால் 1971இல் டெஸ்கோ வழக்கில் இக்கொள்கையின் குறை வெளிப்பட்டது. நூற்றுக்கணக்கான கடைகளை நடத்திய அந்நிறுவனத்தில், ஒரு கடையின் மேலாளர் செய்த தவறு கம்பெனியின் தவறாகாது என்று பிரபுக்கள் சபை தீர்ப்பளித்தது. கம்பெனி பெரிதாக வளர வளர, அதனைக் குற்றவாளியாக்குவது கடினமாயிற்று. சிறு கம்பெனி சிக்கிக்கொள்ள, பெருங் கம்பெனி தப்பிக்கொள்ளும் முறையாக அது அமைந்தது.

இதன் விளைவு 1987 மார்ச் 6ஆம் நாள் பெல்ஜியத்தின் சீபிரகி துறைமுகத்தருகே நடந்த விபத்தின் பின்னர் உலகுக்குத் தெரிந்தது. முகப்புக் கதவுகள் மூடப்படாமலே புறப்பட்ட ஒரு பயணக் கப்பல் கவிழ்ந்து 193 பேர் மாண்டனர். மேலிருந்து கீழ்வரை நிறுவனம் முழுவதும் அசட்டை பரவியிருந்தது என்று விசாரணை அறிக்கை கண்டித்தது. எனினும் 1990இல் கம்பெனிக்கு எதிரான வழக்கு தோற்றது. உயர்நிலையிலிருந்த எந்த ஒருவர் மீதும் தனிப்பட்ட முறையில் குற்றம் மெய்ப்பிக்கப்படவில்லை என்பதே காரணம். குறைகள் பலரிடையே சிதறிக் கிடந்தன. சட்டமோ ஒருவரிடமே அவை அனைத்தையும் தேடிற்று.

இப்படிப்பினைக்குப் பின்னர் சிந்தனை மாறியது. ஆஸ்திரேலியாவின் 1995ஆம் ஆண்டுக் குற்றவியல் தொகுப்பு, சட்டத்தை மீறத் தூண்டும் அல்லது அதற்கு இடந்தரும் நிறுவனப் பண்பாடு நிலவியதை மெய்ப்பித்தால் அதனையே குற்றமனத்திற்குச் சான்றாகக் கொள்ளலாம் என வகுத்தது. இங்கிலாந்தின் 2007ஆம் ஆண்டுச் சட்டம், கம்பெனியின் செயல்கள் ஒழுங்குபடுத்தப்பட்ட முறையிலேயே பெருங்குறை இருந்து மரணம் விளைந்திருப்பின் கம்பெனி குற்றவாளி எனக் கூறியது. 2023ஆம் ஆண்டில் அந்நாடு மேலும் ஓர் அடி முன்வைத்து, பொருளாதாரக் குற்றங்களில் மூத்த மேலாளர்களின் செயலையும் கம்பெனியின் செயலாக்கியது. ஒரு மனிதரின் மனத்தைத் தேடுவதிலிருந்து, நிறுவனத்தின் நடைமுறையை ஆராய்வதற்குச் சட்டம் நகர்ந்து வந்துள்ளது என்பது இவற்றால் பெறப்படும்.

இந்திய நீதிமன்றங்கள் வந்த வழி

இரண்டாவது கேள்வியாகிய சிறைத் தண்டனைச் சிக்கல் நம் நாட்டில் நெடுநாள் நீடித்தது. சட்ட ஆணையம் 1969இல் தன் 41ஆவது அறிக்கையிலும், 1972இல் தன் 47ஆவது அறிக்கையிலும், கட்டாயச் சிறை விதிக்கும் குற்றங்களில் கம்பெனிக்கு அபராதம் மட்டும் விதிக்க நீதிமன்றத்திற்கு அதிகாரம் தரலாம் என்று பரிந்துரைத்தது. அதற்கான பொதுவான திருத்தம் தண்டனைச் சட்டத்தில் செய்யப்படவில்லை.

இந்நிலையில் 2003இல் வேலியப்பா டெக்ஸ்டைல்ஸ் வழக்கில், சிறையும் அபராதமும் ஒருங்கே கட்டாயமாக உள்ள குற்றத்திற்குக் கம்பெனி மீது வழக்குத் தொடுக்க இயலாது என்று உச்ச நீதிமன்றம் பெரும்பான்மையாகத் தீர்ப்பளித்தது. இதன்படி சிறு குற்றம் செய்த கம்பெனி அபராதம் கட்டவேண்டும். பெருங்குற்றம் செய்த கம்பெனி தப்பிவிடும். இம்முரண்பாட்டை இரண்டே ஆண்டுகளில் அரசியல் சாசன அமர்வு நீக்கியது. 2005இல் ஸ்டாண்டர்டு சார்ட்டர்டு வங்கி வழக்கில், ஐவரில் மூவர் கொண்ட பெரும்பான்மை, சிறையிலிட இயலாமை வழக்கிலிருந்து விலக்களிக்காது என்றும், அத்தகைய குற்றங்களில் கம்பெனிக்கு அபராதத்தை மட்டும் விதிக்கலாம் என்றும் முடிவு கூறியது. சிறையை மட்டுமே தண்டனையாகக் கொண்ட குற்றங்களுக்கு இவ்வழி பயன்படாது என்பது கருதத்தக்கது.

குற்றமனம் பற்றிய ஐயத்தை 2010ஆம் ஆண்டின் இரிடியம் வழக்கு தீர்த்தது. கம்பெனியின் காரியங்களை முழுமையாகக் கட்டுப்படுத்தி நடத்துவோரின் குற்றமனத்தைக் கம்பெனிக்கு உரியதாக்கலாம் என உச்ச நீதிமன்றம் உரைத்தது. இதன் மறுதலை செல்லாது என்பதை 2015இல் சுனில் பாரதி மித்தல் வழக்கு தெளிவாக்கியது. கம்பெனி குற்றம் செய்தது என்பதனாலேயே இயக்குநர் குற்றவாளியாகிவிடமாட்டார். அவரது நேரடிப் பங்கும் குற்ற எண்ணமும் காட்டப்படவேண்டும், அல்லது அத்தகைய பொறுப்பைச் சட்டமே சுமத்தியிருக்க வேண்டும். அவ்வாறு சட்டம் சுமத்தும் இடங்களில், கம்பெனியை எதிரியாகச் சேர்க்காமல் இயக்குநரை மட்டும் வழக்கில் இழுக்க இயலாது என்று 2012இல் அனீட்டா ஹாடா வழக்கில் முடிவாயிற்று. அது காசோலை தொடர்பான வழக்காயினும் அதன் கொள்கை விரிவானது.

தனிச் சட்டங்களின் ஏற்பாடு

1955ஆம் ஆண்டின் இன்றியமையாப் பண்டங்கள் சட்டம் முதல் 1986ஆம் ஆண்டின் சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டம் வரை பல சட்டங்களில் ஒரே வகையான ஏற்பாடு காணப்படும். கம்பெனி குற்றம் செய்தால், அக்காலத்தில் அதன் அலுவல்களை நடத்தும் பொறுப்பில் இருந்தவரும் கம்பெனியும் குற்றவாளிகள். தமக்குத் தெரியாமல் நடந்தது என்றோ, தடுக்க உரிய விழிப்புடன் செயற்பட்டதாகவோ மெய்ப்பித்தால் அவர் விடுபடலாம். இயக்குநரின் இசைவு, உடந்தை அல்லது கவனக்குறைவு காட்டப்பட்டால் அவரும் பொறுப்பாளியாவார்.

2018இல் திருத்தப்பட்ட ஊழல் தடுப்புச் சட்டம் இதனினும் புதுமையானது. வணிக நிறுவனத்தைச் சார்ந்த ஒருவர் அதன் ஆதாயத்திற்காகக் கையூட்டு அளித்தால் நிறுவனமே அபராதத்திற்கு ஆளாகும். அதனைத் தடுக்கப் போதிய நடைமுறைகளை வகுத்திருந்ததாக மெய்ப்பிப்பது நிறுவனத்தின் கடமை. இங்கு சுமை இடம் மாறியிருப்பது நோக்கத்தக்கது.

மறுபுறம், 2023ஆம் ஆண்டின் ஜன் விஸ்வாஸ் சட்டம் பல சட்டங்களிலிருந்த சிறைத் தண்டனைகளை நீக்கிப் பணத் தண்டமாக மாற்றியது. சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டத்தின் மீறல்களுக்கு இன்று 10,000 ரூபாய் முதல் 15 இலட்சம் ரூபாய் வரை தண்டம் விதிக்கலாம். சிறு தவறுகளுக்காகத் தொழில் முனைவோர் நீதிமன்றங்களில் அலைவது குறையும் என்பது இதன் ஆதரவாளர் கூற்று. அதில் உண்மை உண்டு. ஆயினும் பெருந்தீங்கு விளைக்கும் மீறலும் சிறு பிழையும் ஒரே தட்டில் வைக்கப்பட்டுவிடாமல் காப்பது நிருவாகத்தின் பொறுப்பு.

போபால் கற்பித்தவை

கொள்கைகளை ஒரு நிகழ்ச்சியில் பொருத்திப் பார்த்தால்தான் அவற்றின் வலுவும் குறையும் தெரியும். போபாலில் ஏறத்தாழ 40 டன் மெதில் ஐசோசயனேட் தேக்கி வைக்கப்பட்டிருந்தது. அதனைக் குளிரூட்டும் அமைப்பு இயங்கவில்லை. வெளியேறும் வாயுவை எரித்தழிக்கும் கோபுரம் பயன்பாட்டில் இல்லை. 1982இலேயே அமெரிக்கத் தாய்க் கம்பெனியின் வல்லுநர்கள் ஆலையைப் பார்வையிட்டுக் குறைகளைச் சுட்டியிருந்தனர். குறைபற்றிய அறிவு நிறுவனத்தில் இருந்தது. ஆனால் அது பல அறைகளில், பல கோப்புகளில் பிரிந்து கிடந்தது.

முதலில் பத்தாண்டு வரை சிறை விதிக்கத்தக்க 304ஆவது பிரிவின் இரண்டாம் பகுதியின் கீழ்க் குற்றச்சாட்டு வனையப்பட்டது. மரணம் நேரும் என்ற அறிவுக்குச் சான்றில்லை எனக் கூறி, 1996இல் உச்ச நீதிமன்றம் அதனைக் கவனக்குறைவால் மரணம் விளைவித்தல் என்னும் 304-ஏ பிரிவாகக் குறைத்தது. அதன் உச்ச தண்டனையே இரண்டாண்டு. 2010ஆம் ஆண்டுத் தண்டனையின் சிறுமைக்கு வேர் இங்கேயே உள்ளது. குற்றச்சாட்டை மீட்க மத்தியப் புலனாய்வுத் துறை தாக்கல் செய்த சீராய்வுக்குப் பிந்திய குறைதீர் மனு 2011இல் தள்ளுபடியாயிற்று.

மற்றொரு பாடம் தாய்க் கம்பெனி பற்றியது. இந்தியக் கம்பெனியில் 50.9 விழுக்காட்டுப் பங்கை யூனியன் கார்பைடு கார்ப்பொரேஷன் வைத்திருந்தது. அதுவும் அதன் தலைவர் வாரன் ஆண்டர்சனும் எதிரிகளாகச் சேர்க்கப்பட்டனர். 1989இல் 47 கோடி டாலர் இழப்பீட்டு உடன்பாட்டுடன் குற்ற வழக்குகளும் கைவிடப்பட்டன. 1991இல் உச்ச நீதிமன்றம் அவற்றை மீண்டும் உயிர்ப்பித்தது. எனினும் அவர்கள் விசாரணைக்கு வரவில்லை. ஆண்டர்சனை ஒப்படைக்குமாறு இந்தியா 2003இல் விடுத்த வேண்டுகோளை அமெரிக்கா 2004இல் மறுத்தது. அவர் 2014இல் காலமானார். மனிதரை ஒப்படைக்குமாறு கேட்கவேனும் உடன்படிக்கை உண்டு. கம்பெனியை எந்த விமானத்தில் ஏற்றி அழைத்து வருவது? 2001இல் யூனியன் கார்பைடைத் தன்னுடன் இணைத்துக்கொண்ட டவ் கம்பெனி, 2023 அக்டோபரில் போபால் நீதிமன்றத்தில் வழக்கறிஞர் வாயிலாகத் தோன்றி, அந்நீதிமன்றத்திற்குத் தன்மீது அதிகாரமில்லை என்று வாதிட்டது.

பன்னாட்டுச் சட்டத்தின் நிலை

நாட்டின் எல்லையில் நின்றுவிடும் சட்டத்திற்குப் பன்னாட்டுச் சட்டம் துணைவருமா? இரண்டாம் உலகப் போருக்குப் பின் நியூரெம்பர்கில் நடந்த வழக்குகளில் கிருப், பிளிக், ஐ.ஜி. பார்பென் ஆகிய தொழில் நிறுவனங்களின் நிருவாகிகள் விசாரிக்கப்பட்டனர். அடிமை உழைப்பும் கொள்ளையும் குற்றச்சாட்டுகளாக இருந்தன. பார்பென் வழக்கில் 1948இல் 13 பேர் தண்டிக்கப்பட்டனர். கம்பெனி விசாரிக்கப்படவில்லை. அதன் சொத்துக்களை நேசநாடுகள் 1945இலேயே நிருவாக ஆணையால் கைப்பற்றிவிட்டன. கம்பெனியைக் கலைக்க முடிந்தது. குற்றவாளியென்று தீர்ப்பளிக்க மட்டும் வழி காணப்படவில்லை.

1998இல் ரோமாபுரியில் பன்னாட்டுக் குற்றவியல் நீதிமன்றத்திற்கான சட்டம் உருவானபோது, கம்பெனிகளையும் அதன் அதிகாரத்தில் கொண்டுவரவேண்டும் என்று பிரான்சு முன்மொழிந்தது. பல நாடுகளின் உள்நாட்டுச் சட்டத்தில் அத்தகைய பொறுப்பே இல்லாத நிலையில் உடன்பாடு எட்டப்படவில்லை. ஆகவே அந்நீதிமன்றத்தின் அதிகாரம் இயற்கை மனிதர் வரையிலேயே நின்றது. இந்தியா இவ்வுடன்படிக்கையில் சேரவில்லை.

எனினும் கதவு முழுவதும் மூடப்படவில்லை. 2003ஆம் ஆண்டின் ஐக்கிய நாடுகள் ஊழல் எதிர்ப்பு உடன்படிக்கையின் 26ஆவது பிரிவு, சட்டமுறை ஆட்களின் பொறுப்பை நிலைநாட்ட உறுப்பு நாடுகளைக் கடமைப்படுத்துகிறது. அது குற்றவியல், உரிமையியல், நிருவாகவியல் ஆகியவற்றுள் எதுவாயினும் ஆகலாம். இந்தியா 2011இல் இதனை ஏற்றது. லெபனானுக்கான சிறப்பு நீதிமன்றம், நீதிமன்ற அவமதிப்பு வழக்கில் கம்பெனியையும் விசாரிக்கலாம் என 2014இல் கூறி, 2016இல் ஒரு செய்தி நிறுவனத்திற்கு 6,000 யூரோ அபராதம் விதித்தது. தொகை சிறிது, கொள்கை பெரிது. ஆப்பிரிக்க நாடுகள் 2014இல் மலபோ நகரில் ஏற்ற நெறிமுறை கம்பெனிகளின் குற்றப் பொறுப்பை வெளிப்படையாகச் சேர்த்துள்ளது; ஆயின் அது இன்னும் நடைமுறைக்கு வரவில்லை.

உண்மையில் முன்னேற்றம் உள்நாட்டு நீதிமன்றங்கள் வழியாகவே வருகிறது. சிரியாவில் தன் சிமெண்ட் ஆலையை இயக்குவதற்காக ஆயுதக் குழுக்களுக்குப் பணம் கொடுத்ததன் தொடர்பில், லபார்ஜ் கம்பெனி 2022 அக்டோபரில் அமெரிக்க நீதிமன்றத்தில் குற்றத்தை ஒப்புக்கொண்டு சுமார் 77.8 கோடி டாலர் செலுத்த இசைந்தது. பிரான்சில் அதே கம்பெனி மீது, மனித குலத்திற்கெதிரான குற்றங்களுக்கு உடந்தை என்ற குற்றச்சாட்டு நிலைக்கும் என 2024 ஜனவரியில் அந்நாட்டு உயர்மட்ட நீதிமன்றம் உறுதிசெய்தது. பன்னாட்டுக் குற்றத்திற்குக் கம்பெனியை உள்நாட்டுச் சட்டம் பொறுப்பாக்க முடியும் என்பதற்கு இது சான்று.

எத்தகைய தண்டனை?

பாரதிய நியாய சன்ஹிதாவின் 4ஆவது பிரிவு மரணம், ஆயுட்சிறை, சிறை, சொத்துப் பறிமுதல், அபராதம், சமூக சேவை எனத் தண்டனைகளை வகுக்கிறது. மனித உடலை முன்னிறுத்தி வகுக்கப்பட்ட வரிசை இது. கம்பெனிக்குப் பெரும்பாலும் எஞ்சுவது அபராதமே. அபராதம் சிறிதாயின் அது தொழிற் செலவுகளுள் ஒன்றாகிவிடும். பெரிதாயின் சுமை பங்குதாரர் மீதும், சில வேளைகளில் தொழிலாளர் மீதும் விழும்.

பிறநாடுகள் வேறு வழிகளையும் வகுத்துள்ளன. 1994 முதல் கம்பெனிகளின் குற்றப் பொறுப்பை ஏற்றுள்ள பிரான்சில், கம்பெனியைக் கலைத்தல், அரசு ஒப்பந்தங்களிலிருந்து விலக்குதல், தீர்ப்பை விளம்பரப்படுத்துதல் ஆகியனவும் தண்டனைகள். இங்கிலாந்தின் 2007ஆம் ஆண்டுச் சட்டப்படி குறைகளைச் சீர்செய்யுமாறு ஆணையிடலாம். அமெரிக்காவில் 1991 முதல் கம்பெனிகளை நன்னடத்தைக் கண்காணிப்பில் வைக்கும் முறை வகுக்கப்பட்டுள்ளது.

சீர்செய்யும் ஆணையின் பொருளைப் போபால் மக்கள் நன்கு உணர்வர். ஆலையில் தேங்கியிருந்த சுமார் 337 டன் நச்சுக் கழிவு 2025 ஜனவரியில்தான் பீதம்பூருக்கு அகற்றப்பட்டது. விபத்து நடந்து அதற்குள் நாற்பது ஆண்டுகள் கடந்துவிட்டன. குற்றவாளிக் கம்பெனியே மண்ணையும் நீரையும் தூய்மைசெய்ய வேண்டும் என்று தண்டனையின் பகுதியாகவே ஆணையிட அதிகாரம் இருந்திருப்பின், அபராதத் தொகையினும் அது பன்மடங்கு பொருளுடையதாக இருந்திருக்கும்.

அலுவலர் கவனத்திற்கு

சட்டம் திருந்தும்வரை காத்திராமல் இன்றே செய்யக்கூடியவை சில உண்டு. முதலாவதாக, கம்பெனியைத் தவறாது எதிரியாகச் சேர்த்தல் வேண்டும். ஆலை மேலாளரை மட்டும் சேர்த்துத் தொடுத்த வழக்கு தொழில்நுட்பக் குறையாலேயே வீழக்கூடும். இரண்டாவதாக, இயக்குநர் பெயர்களை மொத்தமாகப் பட்டியலிடாமல், சம்பவ நாளில் யார் எப்பொறுப்பில் இருந்தார், எதனை அறிந்திருந்தார் என்பதை ஆவணங்களால் காட்டவேண்டும். மூன்றாவதாக, பாதுகாப்பு ஆய்வறிக்கைகள், பராமரிப்புப் பதிவேடுகள், செலவுக் குறைப்பு ஆணைகள், இயக்குநர் குழுக் கூட்டக் குறிப்புகள் ஆகியவற்றைத் தொடக்கத்திலேயே கைப்பற்றுதல் இன்றியமையாதது. குற்றச்சாட்டு எப்பிரிவின் கீழ் நிற்கும் என்பதை இவையே தீர்மானிக்கின்றன. நான்காவதாக, ஆய்வாளரின் எச்சரிக்கை எழுத்தில் இருத்தல் வேண்டும். வாய்மொழி எச்சரிக்கை பின்னாளில் கம்பெனியின் அறிவுக்குச் சான்றாவது அரிது.

கவனக்குறைவால் மரணம் விளைவித்தலுக்குப் பாரதிய நியாய சன்ஹிதாவின் 106ஆவது பிரிவு ஐந்தாண்டு வரை சிறையும் அபராதமும் விதிக்கிறது. இது முன்னைய நிலையினும் மேம்பட்டதே. ஆனால் அதுவும் தனிமனிதரை மனத்திற்கொண்டே எழுதப்பட்டது. நிறுவனத்தின் நடைமுறைக் குறையையே குற்றமாகக் கொள்ளும் தனி ஏற்பாடும், அபராதத்தைக் கம்பெனியின் வருவாயோடு இணைக்கும் முறையும், சீர்செய்யும் ஆணையும் நம் சட்டத்தில் இடம்பெறுதல் வேண்டும்.

தொழில் வளர்ச்சி நாட்டிற்குத் தேவை. முதலீட்டாளரை அச்சுறுத்துவது இதன் நோக்கமன்று. நேர்மையாகவும் விழிப்புடனும் நடக்கும் கம்பெனிக்குத் தெளிவான குற்றச் சட்டம் பாதுகாப்பே; பாதுகாப்புச் செலவைக் குறைத்து இலாபம் தேடும் போட்டியாளரிடமிருந்து அது அதனைக் காக்கும். சட்டத்தின் துணையால் பிறந்து, அதன் நிழலில் பொருள் ஈட்டும் கம்பெனி, அச்சட்டத்தின் முன் பதில் சொல்லவும் கடமைப்பட்டது. ஆலையின் சுவரையொட்டிக் குடியிருப்போர் கேட்பது இவ்வளவே.